காது மூக்கு தொண்டை மந்திரி

படித்தவர்கள் அரசியலுக்கு வந்தால் நாடு உருப்படும் என்று பேசாத டீக்கடை தமிழ்நாட்டில் இல்லை. வாத்தியார் ஒருவர் கல்வி மந்திரியாகவும் டாக்டர் ஒருவர் சுகாதார மந்திரியாகவும் உட்கார்ந்துவிட்டால் மறுநாள் காலையிலிருந்து பாலாறும் தேனாறும் ஓடும் என்பது நம் நம்பிக்கை. கேடெல்லாம் கைநாட்டு மந்திரிகளால்தான். இந்த நம்பிக்கையைச் சோதித்துப் பார்க்கக் காலம் நமக்கு ஒரு வாய்ப்புக் கொடுத்தது. கொரோனா இந்தியாவுக்குள் நுழைந்தபோது மத்திய சுகாதார அமைச்சர் நாற்காலியில் அசல் டாக்டர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். அதிலும் காது மூக்கு தொண்டை நிபுணர். மூக்கு வழியாக நுழைந்து தொண்டையில் குடியேறும் கிருமிக்கு இதைவிடப் பொருத்தமான மந்திரியை ஜாதகம் பார்த்தாலும் தேடிப் பிடிக்க முடியாது.

டாக்டர் ஹர்ஷ் வர்தன். கான்பூர் மருத்துவக் கல்லூரியில் 1979இல் எம்.பி.பி.எஸ்., 1983இல் எம்.எஸ். கிழக்கு டெல்லி கிருஷ்ணா நகரில் கிளினிக். பட்டத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை. அவர் மீதுள்ள வழக்கே அந்தப் பட்டம்தான்.

முதலில் நல்லதைச் சொல்லிவிடலாம், ஏனென்றால் நல்லது உண்மையாகவே இருக்கிறது. 1993இல் டெல்லி மாநில அரசில் சுகாதார அமைச்சரானார். அடுத்த ஆண்டு அக்டோபர் 2ஆம் தேதி, மூன்று வயதுக்கு உட்பட்ட ஏறத்தாழ 12 லட்சம் குழந்தைகளுக்குப் போலியோ சொட்டு மருந்து கொடுக்க வைத்தார். ஊர் முழுக்க உள்ள குழந்தைகளுக்கு ஒரே வீச்சில் மருந்து கொடுக்க வேண்டும் என்று வேலூர் சி.எம்.சி.யின் ஜேக்கப் ஜான் எண்பதுகளிலேயே சொல்லி, அங்கே செய்தும் காட்டியிருந்த முறை அது. சொன்னதைக் காதில் வாங்கிக்கொண்ட அரசியல்வாதி இவர். 1995இல் அது நாடு முழுக்கப் பரவியது. 2011 ஜனவரியில் ஹௌராவில் கண்டறியப்பட்ட குழந்தைதான் கடைசி. 2014 மார்ச் 27 அன்று இந்தியா போலியோ இல்லாத நாடு என்ற சான்று வந்தது. இன்று நம் தெருவில் சூம்பிய காலோடு தவழும் குழந்தை இல்லை என்றால் அதில் இந்த மனிதருக்கும் பங்கு உண்டு. இதை மறுப்பவன் நன்றிகெட்டவன்.

போலியோ ஒழிப்பு சொட்டு மருந்தால் மட்டும் நடந்துவிடவில்லை. இந்த மருந்தைக் கொடுத்தால் பிள்ளை மலடாகும் என்று உத்தரப் பிரதேசத்தில் கிளம்பிய ஒரு புரளி எத்தனை வீட்டுக் கதவுகளைச் சாத்தவைத்தது, அந்தக் கதவுகளைத் திரும்பத் திறக்க எத்தனை ஆண்டுகள் பிடித்தன என்று இந்தியாவில் எந்த அரசியல்வாதியைவிடவும் அவருக்கு நன்றாகத் தெரியும். ஒரு பொய் எத்தனை கால்களை முடக்கும் என்று கணக்குப் போடத் தெரிந்த மனிதர். மனதில் வைத்துக்கொள்ளுங்கள், இது பிறகு தேவைப்படும்.

2014இல் மத்திய சுகாதார அமைச்சரானார். அக்டோபர் 15ஆம் தேதி, சிகரெட், பீடி, புகையிலை உறைகளின் முகப்பில் 85 சதவீதம் எச்சரிக்கைப் படம் இருக்க வேண்டும் என்று அறிவிக்கை வந்தது. டாக்டர் மந்திரி என்றால் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று கைதட்டத் தோன்றும். நவம்பர் 9ஆம் தேதி துறை பறிக்கப்பட்டது. இடையில் ஒரு மாதம்கூட முழுசாகப் போகவில்லை. 2015 ஏப்ரலில் நடைமுறைக்கு வர வேண்டிய அந்தப் படமும் ஓராண்டு தள்ளிப்போனது. இரண்டுக்கும் தொடர்பு உண்டா என்று டெல்லியில் யாரும் எழுதித்தர மாட்டார்கள். என் ஊகத்தைச் சொல்கிறேன்: மந்திரி நாற்காலியில் டாக்டராக நடந்துகொண்டால் என்ன ஆகும் என்ற பாடத்தை அவர் அன்றைக்கே படித்து முடித்துவிட்டார். கெட்டிக்கார மாணவர்கள் ஒரு பாடத்தை இரண்டு முறை படிப்பதில்லை.

அடுத்துக் கிடைத்தது அறிவியல் துறை. அங்கே புதுப் பாடத்திட்டம். 2015 ஜனவரியில் மும்பை அறிவியல் மாநாட்டில், பிதாகரஸ் தேற்றத்தைக் கண்டுபிடித்தவர்கள் நாம்தான், பெருந்தன்மையோடு அந்தப் பெருமையைக் கிரேக்கர்களுக்கு விட்டுக்கொடுத்துவிட்டோம் என்றார். காவிரியில் விட்டுக்கொடுக்க மனமில்லாத தேசம் தேற்றத்தில் விட்டுக்கொடுத்திருக்கிறது, பரவாயில்லை. 2018 மார்ச்சில் இம்பால் மாநாடு. ஸ்டீபன் ஹாக்கிங் இறந்து இரண்டு நாள். ஐன்ஸ்டைனின் கோட்பாட்டைவிட மேலான ஒன்று வேதங்களில் இருக்கக்கூடும் என்று ஹாக்கிங்கே சொல்லியிருக்கிறார் என்று அறிவித்தார் அமைச்சர். எங்கே சொன்னார் என்று நிருபர்கள் கேட்டார்கள். நீங்களே தேடுங்கள், கிடைக்காவிட்டால் டெல்லியில் சொல்கிறேன் என்றார். செத்தவர் மறுப்பு அறிக்கை விடமாட்டார் என்பது மருத்துவம் படித்தவருக்குத் தெரியாதா?

2019இல் சுகாதாரத் துறை திரும்பக் கிடைத்தது. அந்த நவம்பர் 3ஆம் தேதி டெல்லிக் காற்று அதற்கு முந்தைய மூன்று ஆண்டுகளில் காணாத அளவுக்குக் கெட்டிருந்தது. பொது சுகாதார அவசரநிலை என்று அதிகாரக் குழுவே அறிவித்து, பள்ளிகளை மூடியிருந்த நேரம். மூக்கு நிபுணர் அன்று மக்களுக்கு வழங்கிய ஆலோசனை: கேரட் சாப்பிடுங்கள். வைட்டமின் ஏ மாலைக்கண்ணுக்கு நல்லது, மாசினால் வரும் மற்றக் கேடுகளுக்கும் கேரட் உதவும். புகையில் எதிரே வருகிற லாரி தெரியவில்லை என்பதை டாக்டர் மாலைக்கண் என்று நினைத்துவிட்டார் போலிருக்கிறது.

இதுவரை சிரித்துக்கொண்டே படித்திருப்பீர்கள். நானும் சிரித்துக்கொண்டுதான் எழுதினேன். இனி சிரிக்க முடியாது.

2020 மார்ச் 13 அன்று, கொரோனா சுகாதார அவசரநிலை அல்ல என்று அவருடைய அமைச்சகம் சொன்னது. உலக சுகாதார நிறுவனம் இதை உலகப் பெருந்தொற்று என்று அறிவித்து இரண்டு நாள் ஆகியிருந்தது. போகட்டும், அன்றைக்கு எல்லா நாட்டு அரசுகளும் தடுமாறின. மே 22 அன்று அதே உலக சுகாதார நிறுவனத்தின் நிர்வாகக் குழுத் தலைவராக ஹர்ஷ் வர்தன் தேர்ந்தெடுக்கப்பட்டார். தேசமே பெருமைப்பட்டது.

அடுத்த மாதம், ஜூன் 23 அன்று, பதஞ்சலி நிறுவனம் 'கொரோனில்' என்ற மாத்திரையை வெளியிட்டது. ஏழே நாளில் நூறு சதவீதம் குணம் என்றார் பாபா ராம்தேவ். விளம்பரத்தை நிறுத்துங்கள் என்று ஆயுஷ் அமைச்சகம் சொன்னது. இருமல், காய்ச்சல், எதிர்ப்பு சக்தி என்றுதான் எங்களிடம் உரிமம் கேட்டார்கள் என்று உத்தராகண்ட் அதிகாரிகள் கைவிரித்தார்கள். கொரோனில் என்ற பெயரை ஏற்கெனவே சென்னையில் ஒரு நிறுவனம் 1993 முதல் பதிவு செய்து வைத்திருந்தது. பெரிய இயந்திரங்களைச் சுத்தம் செய்யப் பயன்படும் ரசாயனத்துக்கு. வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்தது. மக்களின் பயத்தை வைத்துப் பணம் பண்ணுகிறீர்கள் என்று கண்டித்து, பத்து லட்சம் ரூபாய் கட்டு என்றார் தனி நீதிபதி. அடையாறு புற்றுநோய் நிலையத்துக்கு ஐந்து லட்சம், அரசு யோகா இயற்கை மருத்துவக் கல்லூரிக்கு ஐந்து லட்சம். மேல்முறையீட்டில் தடை வாங்கிவிட்டார்கள் என்பது வேறு கதை. இரும்புத் துருவைப் போக்கும் பெயரா, இரைப்பைக்குள் போகும் பெயரா என்று சென்னையில் ஒரு நீதிபதி உட்கார்ந்து பிரித்துப் பார்த்த அளவுக்குக்கூட டெல்லியில் ஒரு டாக்டர் யோசிக்கவில்லை.

2021 பிப்ரவரி 19. கொரோனில் இரண்டாம் முறை பிறந்தது. இந்தத் தடவை ஆய்வு நூல் வெளியீட்டு விழா. மேடையில் ராம்தேவ், அவருடைய பதஞ்சலிக் கூட்டாளி பாலகிருஷ்ணா, மத்திய அமைச்சர் நிதின் கட்கரி. அவர்களோடு உலக சுகாதார நிறுவன நிர்வாகக் குழுத் தலைவர், இந்தியாவின் சுகாதார அமைச்சர், எம்.பி.பி.எஸ்., எம்.எஸ். பின்னால் தட்டியில் உலக சுகாதார நிறுவனத்தின் பெயரும் ஜி.எம்.பி. என்ற மூன்று எழுத்தும். பார்த்தவர்கள் என்ன நினைப்பார்கள்? ஜெனீவாவே ஒப்புக்கொண்ட மருந்து என்றுதான் நினைத்தார்கள், சில தொலைக்காட்சிகளும் அப்படித்தான் சொல்லின. கொரோனாவுக்கு எந்தப் பாரம்பரிய மருந்தையும் நாங்கள் பரிசோதிக்கவும் இல்லை, சான்றளிக்கவும் இல்லை என்று அந்த நிறுவனத்தின் தென்கிழக்கு ஆசிய அலுவலகம் அன்றைக்கே அறிவிக்க வேண்டியதாயிற்று. மறுப்பில் எந்த மருந்தின் பெயரும் இல்லை. நிர்வாகக் குழுத் தலைவரே மேடையில் இருக்கும்போது பெயரைச் சொல்லி மறுப்பது மரியாதையா?

அந்த மூன்று எழுத்தைக் கொஞ்சம் பார்த்துவிட்டுப் போவோம். ஆலை சுத்தமாக இருக்கிறது, சரக்கு ஒரே தரத்தில் தயாராகிறது என்பதற்கான சான்று அது. கொடுத்ததும் உலக சுகாதார நிறுவனம் அல்ல, நம் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு. உள்ளே இருக்கும் மாத்திரை நோயைத் தீர்க்குமா என்பதைப் பற்றி அதில் ஒரு சொல்லும் கிடையாது. இட்லிக் கடைக்காரர் உணவுப் பாதுகாப்பு உரிமத்தைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டிவிட்டு, இந்த இட்லியைத் தின்றால் சர்க்கரை நோய் போகும், அரசாங்கமே சொல்லிவிட்டது என்று சொன்னால் நாம் சிரிப்போம். சிரிக்காமல் உட்கார்ந்திருந்தார் டாக்டர்.

இதே மூன்று எழுத்துக்குத் தமிழ்நாட்டில் இன்னொரு வரலாறு உண்டு. 2008 ஜனவரியில் குன்னூர் பாஸ்டர் நிறுவனம், கிண்டி பி.சி.ஜி. ஆய்வகம், இமாசலத்தின் கசௌலி ஆய்வு நிறுவனம் ஆகிய மூன்று அரசுத் தடுப்பூசி நிலையங்களின் உரிமம் நிறுத்தி வைக்கப்பட்டது. காரணம், ஜி.எம்.பி. தரம் இல்லை. 1907இல் தொடங்கி நூறாண்டு கண்ட குன்னூர் நிறுவனத்துக்கு அந்த மூன்று எழுத்து இல்லை என்பதற்காகப் பூட்டு. அப்போது மத்திய சுகாதார அமைச்சராக இருந்தவரும் ஒரு டாக்டர்தான், நம்மூர் அன்புமணி. (பொது இடங்களில் புகைக்கத் தடை கொண்டுவந்தவரும் அவரே. டாக்டர் மந்திரிகளின் கணக்கில் இப்படி ஒரு பக்கம் வரவும் இருக்கும்.) உரிமம் 2010இல் திரும்பக் கிடைத்தது. புது யுகத்துக்கு என்று செங்கல்பட்டில் ஏறத்தாழ 600 கோடி ரூபாய் செலவில் தடுப்பூசி வளாகம் எழுப்பினார்கள், சுகாதார அமைச்சகத்தின் சொந்த நிறுவனமான எச்.எல்.எல். வழியாக. நாடு தடுப்பூசிக்குத் தவித்த 2021இல் அது ஓடாமல் கிடந்தது. குத்தகைக்கு எடுத்து நடத்த ஆள் தேடினார்கள், வரவில்லை. அந்த ஆண்டு ஜனவரி 8 அன்று டாக்டர் சென்னைக்கு வந்து அரசு பொது மருத்துவமனையில் தடுப்பூசி ஒத்திகையைப் பார்த்துவிட்டுப் போனார். ஒத்திகைக்கு ஆள் இருந்தது, ஆலைக்கு இல்லை. ஆக, தடுப்பூசி செய்கிற இடத்துக்கு ஜி.எம்.பி. பூட்டு, லேகியக் கடைக்கு அதே ஜி.எம்.பி. தோரணம்.

கொரோனில் மேடையைப் பார்த்து இந்திய மருத்துவச் சங்கம் கொதித்தது. ஒரு மருத்துவர் எந்த மருந்தையும் இப்படி முன்னிறுத்தக் கூடாது என்று மருத்துவக் கவுன்சிலின் நடத்தை விதியே சொல்கிறதே என்று கேட்டது. இந்த மாத்திரை கொரோனாவைத் தடுக்கும் என்றால் தடுப்பூசிக்கு எதற்கு 35,000 கோடி ரூபாய் என்றும் கேட்டது. நியாயமான கேள்விதான். ஆனால் அதைவிடக் கூர்மையான பதிலை, விழா முடிந்து பதினொரு நாள் கழித்து, டாக்டர் தானே கொடுத்தார். மார்ச் 2 அன்று மனைவியோடு டெல்லியில் ஒரு தனியார் மருத்துவமனைக்குப் போனார். தலைக்கு 250 ரூபாய் கட்டினார். இருவரும் கோவாக்சின் போட்டுக்கொண்டார்கள்.

அறியாமையில் தவறு செய்த மந்திரியை மன்னித்துவிடலாம். அந்த மாத்திரையை நம்பி அவரே விழுங்கியிருந்தால்கூடப் பைத்தியக்காரர் என்று விட்டுவிடலாம். தனக்கு, தன் வீட்டுக்கு என்று வந்தபோது மட்டும் அவர் கான்பூரில் படித்த டாக்டராக இருந்தார். நமக்கு என்று வந்தபோது மேடைக்கு வந்த விருந்தாளியாக இருந்தார். கைநாட்டு மந்திரி அந்த மேடையில் உட்கார்ந்திருந்தால் யாரும் மாத்திரை வாங்கியிருக்க மாட்டார்கள். டாக்டரே வந்திருக்கிறார் என்பதற்காகத்தான் வாங்கினார்கள். அன்று அங்கே தேவைப்பட்டது அமைச்சர் அல்ல, அவர் பெயருக்குப் பின்னால் இருக்கும் எழுத்துகள்.

ஊசி போட்ட ஐந்தாம் நாள், மார்ச் 7. டெல்லி மருத்துவர் சங்கக் கூட்டத்தில், இந்தியாவில் கொரோனாவின் இறுதி ஆட்டத்தில் இருக்கிறோம் என்று அறிவித்தார். கேட்டுக்கொண்டிருந்தவர்கள் மருத்துவர்கள். அவர்கள் தொழிலில் இரண்டாம் அலையில் மட்டும் 798 பேர் செத்ததாக இந்திய மருத்துவச் சங்கம் பிறகு பட்டியல் போட்டது. அதிகம் பேர் செத்தது அதே டெல்லியில்.

ஏப்ரல் 7: தடுப்பூசித் தட்டுப்பாடு என்று பீதி கிளப்புகிறார்கள் என்று மகாராஷ்டிர அரசின் மீது பாய்ந்தார். ஏப்ரல் 18: மன்மோகன் சிங் பிரதமருக்கு ஐந்து யோசனைகள் எழுதினார். மறுநாள் டாக்டர் பதில் எழுதினார். உங்கள் கட்சிக்காரர்கள் உங்கள் அறிவுரையைக் கேட்டிருந்தால் வரலாறு உங்களிடம் இன்னும் கனிவாக இருக்கும் என்று கிண்டல் வேறு. அதற்கு முந்தைய நாள் அவருடைய அமைச்சகமே வெளியிட்ட கணக்கு: நாடு முழுக்க அரசு மருத்துவமனைகளில் அமைக்க ஒப்புதல் கொடுத்த ஆக்சிஜன் ஆலைகள் 162, அமைத்தவை 33. ஆக்சிஜன் உற்பத்தியைக் கவனியுங்கள் என்று நாடாளுமன்ற நிலைக்குழு 2020 நவம்பரிலேயே எழுதிக் கொடுத்திருந்தது. காது நிபுணர்தான். வேலூர் டாக்டர் சொன்னதைக் கேட்ட அதே காதுதான்.

மே 1 அன்று டெல்லி பத்ரா மருத்துவமனையில் ஆக்சிஜன் தீர்ந்து 12 பேர் செத்தார்கள், அவர்களில் ஒருவர் அதே மருத்துவமனையின் மூத்த டாக்டர். மே 4 இரவு செங்கல்பட்டு அரசு மருத்துவமனையில் 13 பேர். ஆக்சிஜன் குறைந்துதான் செத்தார்கள் என்று உறவினர்கள் அழுதார்கள், இல்லை என்றார்கள் அதிகாரிகள். ஓடாத தடுப்பூசி ஆலை இருந்த அதே செங்கல்பட்டு. நாளொன்றுக்கு நான்கு லட்சம் பேருக்குத் தொற்று. அந்த மே மாதத்தில் நாட்டு மக்களின் மன அழுத்தம் போக டாக்டர் ஒரு மருந்து எழுதினார்: கருஞ்சாக்லேட், எழுபது சதவீதமாவது கொக்கோ உள்ளது. மூச்சு விட முடியாமல் ஆட்டோவில் படுத்திருந்தவன் கொக்கோ சதவீதத்தைப் படித்துப் பார்த்துத்தான் வாங்க வேண்டும்.

அலோபதி என்பது முட்டாள்தனமான அறிவியல் என்று ராம்தேவ் பேசிய காணொளி அதே மாதம் பரவியது. மருத்துவர்கள் தெருவுக்கு வரும் நிலை. மே 23 அன்று டாக்டர் கடிதம் எழுதினார், மருத்துவர்களை அவமதித்துவிட்டீர்கள், திரும்பப் பெறுங்கள் என்று. பாபா திரும்பப் பெற்றார். மறுநாள் மருத்துவச் சங்கத்துக்கு 25 கேள்விகள் அனுப்பினார். மூன்று மாதம் முன்பு பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து கௌரவித்தவரின் கடிதத்துக்கு பாபா கொடுத்த மதிப்பு ஒருநாள்.

ஜூலை 7 அன்று அமைச்சரவையிலிருந்து நீக்கப்பட்டார். பன்னிரண்டு பேரில் ஒருவராக. இறுதி ஆட்டம் என்றாரே, அது அவருடையதாக முடிந்தது. கொள்கை வகுத்தவர்கள் அப்படியே இருக்க, டாக்டர் மேல் பழி போட்டு மேசையைத் துடைத்தார்கள். அவருக்காக இரக்கப்படத் தோன்றினால் ஜூலை 20ஐயும் நினைத்துக்கொள்ளுங்கள். ஆக்சிஜன் இல்லாமல் யாரும் செத்ததாக மாநிலங்கள் தனியாகக் கணக்குக் கொடுக்கவில்லை என்று புதிய இணை அமைச்சர் மாநிலங்களவையில் சொன்னார். அவரும் ஒரு டாக்டர்தான்.

2020, 2021 ஆகிய இரண்டு ஆண்டுகளில் இந்தியாவில் கொரோனா நேரடியாகவும் மறைமுகமாகவும் கொண்டுபோன உயிர்கள் 47 லட்சம் என்று உலக சுகாதார நிறுவனம் மதிப்பிட்டது. நம் அரசின் கணக்கு 4.8 லட்சம், கணக்குப் போட்ட முறையே தவறு என்றது அரசு. டாக்டர் நிர்வாகக் குழுத் தலைவராக இருந்த நிறுவனம் ஒரு பக்கம், டாக்டர் நடத்திய அமைச்சகத்தின் பேரேடு மறுபக்கம். நடுவில் 42 லட்சம் பிணங்கள், எந்தப் பக்கத்துக் கணக்கில் சேர்வது என்று தெரியாமல்.

2024 பிப்ரவரி 27 அன்று, தவறான விளம்பரங்களை எதிர்த்து மருத்துவச் சங்கம் தொடுத்த வழக்கில், பதஞ்சலிக்கும் பாலகிருஷ்ணாவுக்கும் உச்ச நீதிமன்றம் அவமதிப்பு நோட்டீஸ் அனுப்பியது. அதற்குப் பிறகு ஐந்தே நாளில், மார்ச் 3 அன்று, சாந்தினி சவுக் தொகுதியில் சீட்டு கிடைக்காத ஹர்ஷ் வர்தன் அரசியலிலிருந்து விலகுவதாக அறிவித்தார். கிருஷ்ணா நகர் கிளினிக் தனக்காகக் காத்திருக்கிறது என்று எழுதினார். இரண்டுக்கும் தொடர்பில்லை, நாள்கள்தான் அடுத்தடுத்து வந்தன. ஏப்ரலில் ராம்தேவும் பாலகிருஷ்ணாவும் நீதிபதிகள் முன்னால் நின்று மன்னிப்புக் கேட்டார்கள். பத்திரிகையில் போட்ட மன்னிப்பு, போட்ட விளம்பரங்களின் அளவுக்குப் பெரியதாக இருந்ததா என்றுகூட நீதிமன்றம் கேட்டது. கொரோனில் கொரோனாவைக் குணப்படுத்தும் என்ற பேச்சையெல்லாம் நீக்கு என்று ஜூலையில் டெல்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. மேடையில் உட்கார்ந்திருந்த டாக்டர் உச்ச நீதிமன்ற வழக்கில் வாதியும் இல்லை, பிரதிவாதியும் இல்லை, சாட்சியும் இல்லை.

கிருஷ்ணா நகர் பக்கம் போகிறவர்கள் காது வலித்தால் அவரிடம் தைரியமாகக் காட்டலாம், நன்றாகப் படித்த டாக்டர். சீட்டில் எழுதித் தருகிற மருந்தை மட்டும், "ஐயா, இதை உங்கள் வீட்டில் சாப்பிடுவீர்களா?" என்று கேட்டுவிட்டு வாங்குங்கள்.